மலையைக் கற்றவர்

விழா மலருக்கு யாதேனும் எழுதித் தருமாறு மலர்க் குழுவினர் எம்மைப் பணித்தனர். தமிழாசிரியர் இலக்கியம் பற்றி எழுதுவதே வழக்கம். எனினும், இம்முறை மாணவர் முன்னே ஒரு தொழிலை எடுத்துவைக்க விரும்புகின்றோம். எதிர்காலத்தில் யாராக விரும்புகின்றீர் என வகுப்பிற் கேட்டால் வைத்தியர், பொறியியலாளர், கணக்காளர் என்னும் மூன்று விடைகளே பெரும்பாலும் எழுகின்றன. புவிச்சரிதவியலாளர் ஆவேன் என்ற மாணவனை எமது இருபதாண்டு ஆசிரியப் பணியில் நாம் கண்டதில்லை. மலை எங்கே சரியும், ஏன் சரியும் என ஆராய்ந்து மக்களைக் காப்போர் அத்துறையினரே.

அப்பணிக்கு வாழ்நாளை ஈந்தவருள் சுவிற்சர்லாந்தின் அல்பேட் ஹைம் தலையாயவர். 1849இல் சூரிச் நகரிற் பிறந்த அவர், சிறு பராயத்திலேயே மலைகளுக்கு மாதிரியுருச் செய்து மகிழ்ந்தவர். 1873இல், தமது இருபத்துநான்காம் வயதில், பேராசிரியரானார்.

1881 செப்ரெம்பர் 11ஆம் நாள், ஞாயிற்றுக்கிழமை மாலை, எல்ம் என்னும் மலைக்கிராமத்தின் மேலிருந்த மலை இடிந்து வீழ்ந்தது. அம்மலையைக் குடைந்து எடுக்கப்பட்டது யாதெனில், பள்ளிப் பிள்ளைகள் எழுதும் சிலேற்றுக் கல். மேலே வெடிப்புகள் விரிந்தன, கற்கள் உருண்டன. முதல்நாள் பார்வையிட்டோர் உடனடி ஆபத்து இல்லையெனக் கருதினர். மறுநாள் ஏறக்குறைய ஒரு கோடி கனமீற்றர் பாறை, ஒரு நிமிடத்திற்குள் பள்ளத்தாக்கிற் பாய்ந்து பரந்தது. 115 பேர் மாண்டனர். பிள்ளைகள் எழுத்தறிய உதவிய கல்லின்பொருட்டு ஊரின் ஒரு பகுதி புதையுண்டதை எண்ணுந்தோறும், சிலேற்றில் அகரம் எழுதிப் பழகிய எமக்கு நெஞ்சு கனக்கின்றது.

ஹைம் அவ்விடஞ் சென்று பாறையை அளந்தார். அதனோடு நில்லாது, உயிர்தப்பினோரின் வாய்மொழியையும் கேட்டுப் பதிந்தார். உடைந்த பாறைத்திரள் நீர்போல் ஓடியமை அவராற் புலனாயிற்று. சரிவு தொடங்கிய உச்சியையும் அது ஓய்ந்த நுனியையும் ஒரு கோட்டால் இணைத்து, அக்கோட்டின் சாய்வை அளக்கும் முறையையும் வகுத்தார். சரியும் திரள் பெரிதாயின் அச்சாய்வு குறையும். அஃதாவது, அது நெடுந்தூரம் ஓடும். மலையடியிலிருந்து விலகி வீடமைத்தோரும் பெருஞ்சரிவிற்குத் தப்பார் என்பது இதனாற் பெறப்படும். 1932இல், எண்பத்துமூன்றாம் வயதில், தாம் கண்டவற்றை நூலாக்கினார். 'மலைச்சரிவும் மனித உயிரும்' என அதன் தலைப்பைத் தமிழாக்கலாம். மலையோடு மனித உயிரையும் தலைப்பில் அமைத்தமை அவரது உள்ளத்தைக் காட்டும்.

1930களின் தொடக்கத்தில், லிந்தால் என்னும் ஊருக்கு மேலுள்ள கில்ச்சன்ஸ்ரொக் மலை அசைவது கண்டு எச்சரித்தோருள் ஹைமும் ஒருவர். மக்கள் வெளியேற்றப்பட்டனர். மலையோ வீழாது நின்றது. இத்தொழிலின் அருமை இதுவே. எச்சரியாதிருந்து மலை வீழின் பழி. எச்சரித்து வீழாவிடின் நகை. நகைப்புக்கு அஞ்சாது உரைப்பவனே இப்பணிக்கு உரியவன்.

இவை தொலைநாட்டுச் செய்திகள் எனத் தள்ளற்க. பயிற்றப்பட்ட ஆசிரியராக நாம் முதல் நியமனம் பெற்றது மலையகத் தோட்டப் பாடசாலையொன்றில். ஐப்பசி மழைக்காலத்தில், அலுவலகமொன்றிலிருந்து வந்த மண்சரிவு அறிவித்தல் பாடசாலைச் சுவரில் ஒட்டப்பட்டது. எழுவாய் ஓரிடமும் பயனிலை வேறோரிடமுமாகக் கிடந்தது அத்தமிழ். லயத்திலிருந்து வந்த தந்தையொருவர் அதனை நெடுநேரம் நோக்கிவிட்டு, "சேர், இதுல எங்கள போகச் சொல்லியிருக்கா, இருக்கச் சொல்லியிருக்கா?" என வினவினார். இலக்கணம் எதன்பொருட்டு என எம்மை எவரேனும் கேட்டால், அவ்வினாவையே விடையாகக் கூறுவோம். அன்று நாம் அவ்வறிவித்தலை நான்கு எளிய வாக்கியங்களாக்கிப் பிள்ளைகள் கையிற் கொடுத்து வீடுகளுக்கு அனுப்பினோம்.

2014 ஒக்ரோபர் 29ஆம் நாட் காலையில் கொஸ்லாந்தை மீரியபெத்தையில் லயங்கள் மண்ணுள் மறைந்தன. அந்நிலத்தின் ஆபத்து ஆண்டுகள் பலவற்றிற்கு முன்னரே கூறப்பட்டிருந்தது. அறிவு இருந்தது, எச்சரிக்கையும் இருந்தது, ஆயினும், மக்கள் அங்கேயே இருந்தனர். செல்வதற்கு வேறு மனையில்லாதவனுக்கு எச்சரிக்கை மாத்திரம் போதாது என்பதை அந்நாள் உணர்த்திற்று.

இன்று தேசிய கட்டிட ஆராய்ச்சி நிறுவனம் 24 மணித்தியாலத்திற் பெய்யும் மழையைக் கொண்டு படிப்படியாக எச்சரிக்கின்றது. 75 மில்லிமீற்றர் எனின் விழித்திருத்தல். 100 எனின் ஆயத்தமாதல். 150 எனின் வெளியேறுதல். மண்ணுட் புகுந்த நீர் அதன் பிடிப்பைத் தளர்த்துவதே இக்கணக்கின் அடிப்படை. நிலத்திலும் சுவரிலும் புதிய வெடிப்பு, சாயும் மரம், திடீரெனத் தோன்றும் ஊற்று, கலங்கி வரும் நீர் ஆகியன யாவரும் அறியத்தக்க அடையாளங்கள்.

மாணவச் செல்வங்களே! பேராதனைப் பல்கலைக்கழகத்திற் புவிச்சரிதவியற்றுறை உண்டு. கணிதமும் இரசாயனமும் கற்கும் உங்களுள் ஒருவரேனும் அவ்வழி செல்லுக. செல்பவர் தமிழையும் கைவிடாது கொண்டு செல்லுக. மலை கூறுவதை அறிந்து, லயத்து வாசலில் நிற்கும் தாய்க்கு அவள் மொழியிற் கூறவல்ல ஒருவரை இக்கல்லூரி அன்னை ஈந்தால், இவ்விழாவுக்கு அதனினும் சிறந்த காணிக்கை யாதுளது?