படம் வரைந்தால் சோறு கிடைக்குமா?

பிள்ளை நோட்டுப் புத்தகத்தின் கடைசிப் பக்கத்தில் படம் போட்டுக்கொண்டிருந்தால், நம் வீடுகளில் தவறாமல் ஒரு குரல் எழும்: "இதெல்லாம் சோறு போடுமா?" அப்படிக் கேட்பவர்கள் மேல் எனக்குக் கோபம் கிடையாது. கேட்கவேண்டிய கேள்விதான். கலை எதற்காக, படைப்பு எங்கிருந்து பிறக்கிறது என்று கலைஞர்கள் பேசியதையும் எழுதியதையும் பல வருஷங்களாகத் தேடிப் படித்து வருகிறேன். அந்தப் பேச்சில் தேடல் வரும், ஒளி வரும், ஆன்மா வரும். வீட்டு வாடகையும் மளிகைக் கடை பாக்கியும் அபூர்வமாகத்தான் வரும். சோற்றுக் கேள்வியை ஒதுக்கிவிடாமல் அதிலிருந்தே பதிலைத் தொடங்கியவர் கே.சி.எஸ். பணிக்கர். அதனாலேயே அவர்மேல் எனக்குத் தனி மரியாதை.

பணிக்கர் 1911-இல் கோயம்புத்தூரில் பிறந்தவர். சின்ன வயதிலேயே கை நன்றாக ஓடியது. ஆனாலும் குடும்பத்தைப் பார்க்கவேண்டி, தந்தித் துறையில் வேலைக்குப் போனார். சென்னை ஓவியப் பள்ளியில் அவர் மாணவராகச் சேர்ந்தது 1936-இல். அப்போது பள்ளியின் முதல்வர் தேவி பிரசாத் ராய் சௌத்ரி, மெரினாவில் நிற்கும் உழைப்பாளர் சிலையைச் செய்தவர். 1957-இல் அவருக்குப் பின் பணிக்கரே முதல்வரானார். நல்ல திறமையுள்ள பிள்ளைகள் ஒவ்வொரு வருஷமும் படித்து முடித்து வெளியே போனார்கள். போய் என்ன செய்வது? டிராயிங் மாஸ்டர் வேலை, விளம்பர கம்பெனி, துணி மில்லில் டிசைன் போடுவது. ஓவியத்தை விலை கொடுத்து வாங்குகிறவர்கள் அன்றைய சென்னையில் விரல்விட்டு எண்ணக்கூடியவர்கள். நாலைந்து வருஷத்தில் தூரிகை காய்ந்துவிடும். மாணவரை உருவாக்கிய ஆசிரியருக்கு இதைவிட வருத்தம் வேறென்ன இருக்க முடியும்?

அவர் போட்ட கணக்கு எளிமையானது. ஓவியத்தை நம்பி அடுப்பு எரியவேண்டாம். கைவினைப் பொருள் செய்து விற்று அடுப்பு எரியட்டும், ஓவியம் தன் போக்கில் வரட்டும். அறுபதுகளில் ஓவியர்கள் கைவினைச் சங்கம் ஒன்றை அமைத்துக்கொண்டு பாத்திக் துணி, தோல் வேலை, உலோக வேலை என்று இறங்கினார்கள். அந்த விற்பனையில் சேர்ந்த பணத்தைக் கொண்டு ஈஞ்சம்பாக்கத்தில் ஏறக்குறைய எட்டு ஏக்கர் மணல் பூமியை வாங்கினார்கள். 1966-இல் சோழமண்டல ஓவியர் கிராமம் பிறந்தது. சுமார் முப்பது கலைஞர்கள் சேர்ந்து தொடங்கியது. அரசாங்கமோ பெரிய புரவலரோ தூக்கிக் கொடுத்த இடம் அல்ல, துணிக்குச் சாயம் போட்ட கைகள் வாங்கிய இடம்.

அந்தப் பாத்திக் வேலை இடதுகையால் செய்துவிடக் கூடியது என்று யாரும் நினைக்க வேண்டாம். பாரஃபினையும் தேன்மெழுகையும் கலந்து அடுப்பில் உருக்கவேண்டும். சூடு குறைந்தால் மெழுகு துணிக்குள் இறங்காமல் மேலோடு நின்றுவிடும், சாயம் உள்ளே புகுந்துவிடும். சூடு கூடினால் கோடு தாண்டிப் பரவும். வெள்ளையாக நிற்கவேண்டிய இடத்தில் முதலில் மெழுகு பூசி, இளமஞ்சளில் துணியை முக்கி எடுத்து, மஞ்சளாக நிற்கவேண்டிய இடத்தை மெழுகால் மூடி, பிறகு சிவப்பு, கடைசியில் கறுப்பு அல்லது கருநீலம். வெளிர் நிறத்திலிருந்து அடர் நிறத்துக்குத்தான் போகமுடியும், திரும்பிவர வழியில்லை. சாயத்தொட்டி சூடாக இருந்தால் மெழுகு கரைந்துவிடும் என்பதால் குளிர்ந்த சாயமே உதவும். பாரஃபின் சீக்கிரம் உடையும். துணியைக் கசக்கும்போது அது நொறுங்கி, வெடிப்பு வழியே சாயம் ஊர்ந்து நரம்பு நரம்பாகக் கோடு விழும். அந்தக் கோட்டை யாராலும் முன்கூட்டி வரைய முடியாது. முடிவில் கொதிநீரில் போட்டு மெழுகை எடுத்த பிறகுதான் என்ன செய்தோம் என்பதே தெரியும். எந்த இடத்தைத் தொடாமல் விடவேண்டும் என்று கடைசி நிறத்தை மனதில் வைத்து முதலிலேயே முடிவுசெய்வது ஓர் ஓவியனுக்குப் பெரிய பயிற்சி.

ஓவியன் துணிக்குச் சாயம் போடுவதா என்று முகம் சுளிப்பவர்கள் இன்றும் உண்டு. அவர்களுக்குச் சோழமண்டலத்துச் சிற்பி ஜானகிராமின் சிற்பங்களைத்தான் காட்டுவேன். பி.வி. ஜானகிராம் செப்புத் தகட்டைத் தட்டி, வளைத்து, மெல்லிய உலோகத் துண்டுகளைப் பற்றவைத்து உருவங்கள் செய்தார். அவை முன்பக்கம் மட்டும் பார்ப்பதற்கானவை. நம் கோயில்களில் கல் விக்கிரகத்தின்மேல் வெள்ளிக் கவசமோ செப்புக் கவசமோ சாத்துகிறோமே, அந்த மரபின் பிள்ளைகள் அவை. கவசம் செய்த கன்னாரைக் கைவினைஞர் என்றும் ஜானகிராமைக் கலைஞர் என்றும் பிரித்து வைக்க எனக்கு மனம் ஒப்பவில்லை. இரண்டுக்கும் நடுவே கோடு கிழித்தது வெள்ளைக்காரன் காலத்துப் பள்ளிக்கூடம் என்றே நினைக்கிறேன். அதே பள்ளிக்கூடத்திலிருந்து வந்தவர்கள் அந்தக் கோட்டை அழித்தார்கள் என்பது எனக்குப் பெருமை.

சாப்பாட்டுக் கவலை குறைந்த மனம் என்ன வரைந்தது என்பதுதான் அடுத்த கேள்வி. பணிக்கர் 1963-ஐ ஒட்டி 'சொற்களும் குறிகளும்' என்ற வரிசையைத் தொடங்கினார். ஜாதகக் கட்டங்கள், கணக்குக் குறிகள், எழுத்து மாதிரியான கிறுக்கல்கள், ஊடே ஒரு பறவை, ஒரு மீன். ஒரு பழஞ்சுவடியை விரித்துவைத்த தோற்றம். கண் தானாகவே படிக்கப் போகும், படிக்க ஒன்றும் கிடைக்காது. இந்தப் படங்களின் எதிரில் நிற்கிறவர்கள் "இதுக்கு என்னங்க அர்த்தம்?" என்று கேட்பதைப் பலமுறை கேட்டிருக்கிறேன். அப்படிக் கேட்கிறவரை நான் குறைவாக நினைப்பதில்லை. கோவில்பட்டி கொண்டையராஜுவின் சாமிப் படங்கள் சிவகாசி காலண்டர்களாக அச்சாகி நம் பூஜையறைக்கே வந்தன. அவற்றை அர்த்தம் கேட்டு யாரும் பார்க்கவில்லை, விளக்கேற்றிப் பார்த்தார்கள். கலைக்கு இதைவிட நேரான பயன் இருக்க முடியாது. பணிக்கர் படத்தின் பயன் வேறு. ஜாதகத்தில் வாழ்க்கை எழுதியிருக்கிறது என்று நம்பும் ஒரு சமூகத்தின் கண்முன்னால், வாசிக்க முடியாத ஜாதகத்தை அழகு குறையாமல் வைக்கிறார். அர்த்தம் தேடும் பழக்கத்தைக் கொஞ்ச நேரம் இறக்கிவைத்துவிட்டு நிறத்தையும் கோட்டையும் பார்க்கச் செய்கிறார். விற்றால்தான் உலை கொதிக்கும் என்ற நிலையில் ஒருவர் இதை வரைந்திருக்கமாட்டார்.

ஆனால் அந்தக் கிராமம் எல்லாவற்றுக்கும் மருந்தாகிவிடவில்லை. ஓவியர் கே. ராமானுஜத்தை நினைக்காமல் சோழமண்டலத்தைப் பற்றி என்னால் எழுதமுடியாது. பேச்சு சரளமாக வராது, மனநோயின் தொல்லை வேறு. மற்ற இடங்களில் ஒதுக்கப்பட்டிருக்கக்கூடிய அவரைப் பணிக்கர் அணைத்துக்கொண்டார். அங்கே வாழ்ந்து, பேனாவும் மையும் கொண்டு அவர் வரைந்த உலகம் வேறு எவருக்கும் வாய்க்காதது. கோபுரம்போல் அடுக்கடுக்கான மாளிகைகள், பாம்புகள், சிறகு முளைத்த உருவங்கள், நடுவில் தொப்பி அணிந்த ஒரு மனிதன், அதாவது அவரே. காகிதத்தில் ஓரிடம்கூட மிச்சமில்லாமல் நுணுக்கமான கோடுகள் நிரம்பியிருக்கும். 1973-இல், முப்பதுகளின் தொடக்கத்திலேயே, தன் உயிரைத் தானே மாய்த்துக்கொண்டார். கலை துயரத்தை ஆற்றும் என்று சுலபமாகச் சொல்கிறவர்கள் ராமானுஜத்தின் முன் சற்று நிதானிக்கவேண்டும். அவருக்குக் கலை மூச்சுவிட இடம் கொடுத்தது. அது போதவில்லை. துயரத்தில்தான் பெரிய கலை பிறக்கும் என்ற பேச்சையும் நான் ஏற்கமாட்டேன். அவர் நலமாக எழுபது வயதுவரை இருந்து வரைந்திருந்தால் நமக்கு இன்னும் எத்தனையோ படங்கள் கிடைத்திருக்கும்.

பணிக்கர் 1977-இல் மறைந்தார். கிராமம் நிற்கிறது. சென்னை ஓவியப் பள்ளியைச் சுற்றி வளர்ந்த சென்னை இயக்கத்து ஓவியங்களுக்கும் சிற்பங்களுக்குமாக 2009-இல் அங்கே ஓர் அருங்காட்சியகமும் திறந்தார்கள். கிழக்குக் கடற்கரைச் சாலையில் மாமல்லபுரத்துக்குப் போகிற வழியில்தான் ஈஞ்சம்பாக்கம். குடும்பத்தோடு போகிறவர்கள் ஒரு மணி நேரம் அங்கே இறங்குங்கள். நோட்டில் படம் போடும் பிள்ளை வீட்டில் இருந்தால் கட்டாயம் கூட்டிப்போங்கள். சோறு போடுமா என்று அதனிடம் கேட்பதற்கு முன், அந்தக் கேள்விக்கு முப்பது பேர் கூடி வேலை செய்து பதில் தேடிய இடத்தை அதற்குக் காட்டிவிடுங்கள்.