நான் எறிந்த வெங்கச்சங்கல்

எனக்கு முழங்கால் வலி கொஞ்சம் பரவாயில்லை. கோவில்பட்டி வெயிலைப் பற்றி உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை.

இன்று கொஞ்சம் நீளமாக எழுதப் போகிறேன். பொறுமையாகப் படியுங்கள். முக்கியமாக, 1992-ல் என்னிடம் ஐந்தாம் வகுப்பு படித்தவர்கள் கடைசிவரை படிக்க வேண்டும்.

நம் கரிசல் காட்டில் உழும்போது வெள்ளை வெள்ளையாக வரும் வெங்கச்சங்கல்லைப் பார்த்திருப்பீர்கள். இருட்டறையில் இரண்டு கல்லை ஒன்றோடொன்று உரசினால் உள்ளே வெளிச்சம் ஓடும், ஒரு கருகல் வாடையும் வரும். நாமெல்லாம் போர்வைக்குள் உட்கார்ந்து உரசிப் பார்த்த பிள்ளைகள்தான். பாடப்புத்தகத்தில் இதற்குப் பெயர் குவார்ட்ஸ்.

அந்த வருஷம் என் வகுப்பில் ஒரு பையன் இருந்தான். பெயர் வேண்டாம். கூடப் படித்தவர்களுக்குத் தெரியும். அவன் அப்பா கிணறு வெட்டும் வேலைக்குப் போகிறவர். பாறைக்கு வெடி வைக்கும்போது நடந்த விபத்தில் இறந்துவிட்டார். பத்து நாள் கழித்துப் பள்ளிக்கு வந்தவன் கையில் ஒரு வெங்கச்சங்கல் இருந்தது. அந்தக் கிணற்று மண்மேட்டில் எடுத்தது. பாடம் நடக்கும்போது அதைக் காதில் வைத்துக்கொண்டே இருந்தான்.

"என்னடா அது?" என்றேன்.

"இதுக்குள்ள எங்கப்பா சத்தம் இருக்கு டீச்சர். எங்க ஆச்சி சொல்லுச்சு, கல்லு எல்லாத்தையும் ஞாபகம் வச்சிருக்குமாம்."

அறிவொளி இயக்கம் ஊர் ஊராக நடந்துகொண்டிருந்த காலம் அது. மூடநம்பிக்கையைப் பிள்ளைகள் மனதிலிருந்து எடுத்துவிட வேண்டும் என்று எனக்கு ஒரு வேகம். "கல்லுக்கு ஏதுடா காது? அது வெறும் கல்லு. அதுக்குள்ள ஒண்ணுமே இல்ல" என்று சொல்லி, அவன் கையிலிருந்து வாங்கி ஜன்னல் வழியாக வெளியே எறிந்தேன். வகுப்பே சிரித்தது. நானும் சிரித்தேன் என்பதுதான் இன்றைக்கும் எனக்குப் பொறுக்கவில்லை.

மதியச் சாப்பாட்டு நேரம் முழுவதும் அவன் மைதானத்தில் தேடினான். நல்ல கோடை. கரிசல் பாளம் பாளமாக வெடித்துக் கிடந்தது. குச்சியை விட்டு ஒவ்வொரு வெடிப்பாகத் துழாவினான். கிடைக்கவில்லை. ஆறாம் வகுப்புக்கு அவன் போகவும் இல்லை. தீப்பெட்டி ஆபீஸுக்கு வேலைக்குப் போய்விட்டான் என்று பிறகு கேள்விப்பட்டேன்.

இத்தனை வருஷம் கழித்து இது ஏன் என்று கேட்பீர்கள். போன மாதம் என் தம்பி மகள் வந்திருந்தாள். தூத்துக்குடி வ.உ.சி. கல்லூரியில் நிலவியல் படித்தவள். இரண்டு பேருமாக ஆதிச்சநல்லூர் போனோம். 2023 ஆகஸ்டில் அங்கே களத்திலேயே காட்சியகம் திறந்திருக்கிறார்கள். கண்ணாடித் தரைமேல் நின்றுகொண்டு கீழே குனிந்தால், தோண்டிய குழிக்குள் முதுமக்கள் தாழிகள் இருந்த இடத்திலேயே இருக்கின்றன. பார்க்க வேண்டிய இடம். பேரப்பிள்ளைகளைக் கூட்டிப் போங்கள்.

"இந்தப் பானைக்கு வயசு எப்படிக் கண்டுபிடிக்கிறாங்க?" என்று கேட்டேன். கரித்துண்டு, நெல் மாதிரி உயிரிலிருந்து வந்த பொருள் கிடைத்தால் அதிலுள்ள கார்பனை வைத்துக் கணக்கிடுவார்கள் என்பது எனக்கும் தெரியும். "வெறும் பானை ஓடாக இருந்தால்?"

"பானை மண்ணுல குவார்ட்ஸ் மணல் இருக்குல்ல அத்தை, அது ஞாபகம் வச்சிருக்கும்" என்றாள்.

அந்த வார்த்தையைக் கேட்டதும் கண்ணாடித் தரைமேல் எனக்குக் கால் நிற்கவில்லை. ஓரமாக உட்கார்ந்து, விளக்கமாகச் சொல் என்றேன். அவள் சொன்னதை உங்களுக்கும் சொல்கிறேன்.

மண்ணில் யுரேனியம், தோரியம், பொட்டாசியம் எல்லாம் மிகச் சிறிய அளவில் எப்போதும் உண்டு. அவற்றிலிருந்து கதிர்வீச்சு ஓயாமல் வந்துகொண்டிருக்கும். அது பட்டதும் குவார்ட்ஸ் படிகத்துக்குள் எலக்ட்ரான்கள் நகர்ந்து, படிகத்தில் இருக்கும் குறைகளில் போய் மாட்டிக்கொள்ளும். இருட்டில் இருக்கும்வரை வருஷா வருஷம் சேர்ந்துகொண்டே போகும். நல்ல வெயில் பட்டாலோ, சூளை நெருப்பில் சுட்டாலோ சேர்ந்ததெல்லாம் வெளியேறிக் கணக்கு பூஜ்யமாகிவிடும்.

"நீங்க போஸ்ட் ஆபீஸ்ல ஆர்.டி. போட்டீங்கல்ல அத்தை, அதே கணக்குதான். பாஸ்புக்ல மொத்தம் எவ்வளவு இருக்கு, மாசம் எவ்வளவு கட்டுனீங்கன்னு தெரிஞ்சா, எத்தனை மாசமா கட்டுறீங்கன்னு வகுத்துச் சொல்லிரலாம். வெயில் பட்டா கணக்கை மூடிட்டுப் புதுசா தொடங்கின மாதிரி."

அதனால் மண் மாதிரியை வெளிச்சம் படாமல் குழாயை அடித்து எடுப்பார்களாம். ஆய்வகத்தில் மங்கலான சிவப்பு விளக்கில்தான் வேலை. கடைசியில் அந்த மணலின்மேல் ஒளியைப் பாய்ச்சினால், மாட்டியிருந்த எலக்ட்ரான்கள் விடுபடும்போது மணல் துளியூண்டு ஒளிரும். அதை அளந்தால் எத்தனை வருஷம் இருட்டில் கிடந்தது என்பது தெரிந்துவிடும். கனடாவில் ஹன்ட்லி என்பவரும் அவருடன் வேலை செய்தவர்களும் 1985-ல் இந்த முறையைக் கொண்டுவந்தார்கள். அதற்கும் ரொம்ப முன்னால், 1663-லேயே, ராபர்ட் பாயில் இருட்டறையில் ஒரு வைரத்தைத் தன் உடம்புச் சூட்டில் வைத்து அது மினுங்குவதைப் பார்த்து எழுதியிருக்கிறார்.

நம் மாவட்டத்துச் சிவகளையிலும் இந்த முறை பயன்பட்டிருக்கிறது. 2025 ஜனவரியில் வந்த தமிழக அரசின் 'இரும்பின் தொன்மை' அறிக்கையில், அங்கே கிடைத்த கரித்துண்டு ஒன்றுக்கு கி.மு. 3345 என்று கார்பன் முறையிலும், பானை ஓடு ஒன்றுக்கு கி.மு. 2459 என்று இந்த ஒளி முறையிலும் காலம் சொல்லியிருக்கிறார்கள். குயவர் சூளையில் வைத்த அன்று பூஜ்யமான கணக்கை, நாலாயிரம் வருஷத்துக்குமேல் அந்த ஓடு சேர்த்து வைத்திருக்கிறது.

திரும்பி வரும்போது பஸ்ஸில் அவளிடம் அந்தப் பையன் கதையைச் சொன்னேன். சின்ன வயதிலிருந்து யாரிடமும் சொல்லாத கதை. அவள் யோசித்துவிட்டு, "கல்லு சத்தத்தை வச்சிருக்காது அத்தை. அது நீங்க சொன்னது சரிதான். பாறையோட ஆழத்துல கிடந்த கல்லுன்னா குடம் ரொம்பி வழிஞ்ச மாதிரி, அதுக்குமேல கணக்கே ஏறியிருக்காது. அவங்கப்பா உடைச்சு வெளிய எடுத்த அன்னைக்குத்தான் அந்தக் கல்லு மொத மொத வெயிலைப் பாத்திருக்கும். மேல்பக்கத்துல கணக்கு கரைஞ்சிருக்கும்" என்றாள்.

"அப்புறம்?"

"அப்புறம் வெடிப்புல விழுந்துச்சுன்னா மறுபடி இருட்டுதான். அன்னையிலருந்து புதுசா எண்ண ஆரம்பிக்கும்."

ஐப்பசி மழைக்கு வெடிப்பு மூடியிருக்கும். கோடைக்கு வெடிப்பதும் மழைக்கு மூடுவதுமாகக் கரிசல் மேல்மண்ணையும் கீழ்மண்ணையும் புரட்டிக்கொண்டே இருக்குமாம். அதனால் நம் மண்ணில் இப்படிக் காலம் கணிப்பது சிரமம் என்றாள். முப்பது வருஷம் என்பது இந்த முறைக்கு அளக்கவே சிறிய கணக்கும்கூட. இருந்தாலும் அந்தக் கல் வெளியே வராமல் அங்கேயே புதைந்து கிடந்தால், அது எண்ணிக்கொண்டிருப்பது நான் எறிந்த நாளிலிருந்துதான்.

என் மாணவர்களில் நிறையப் பேர் இன்று ஆசிரியர்களாக இருக்கிறீர்கள். உங்களுக்கு ஒரு வார்த்தை. சத்தம் இருக்காது என்று நான் சொன்னதில் தப்பில்லை. "ஒண்ணுமே இல்ல" என்று சொன்னேனே, அது தப்பு. எனக்குத் தெரியாத ஒன்றைத் தெரிந்த மாதிரி சொன்னேன். அதோடு, அப்பாவைப் பறிகொடுத்த பத்து வயதுப் பிள்ளை அன்று என்னிடம் அறிவியல் கேட்கவில்லை. பக்கத்தில் கூப்பிட்டு, "அப்பா என்னடா பேசுவாரு?" என்று ஒரு வார்த்தை கேட்டிருந்தால் போதும். மறுவருஷமும் பள்ளிக்கு வந்திருப்பானோ என்னவோ.

இப்போது அவனுக்கு நாற்பது தாண்டியிருக்கும். அவன் எங்கே இருக்கிறான் என்று உங்களில் யாருக்காவது தெரிந்தால் இதைக் காட்டுங்கள். படிக்கச் சிரமப்பட்டால் வாசித்துச் சொல்லுங்கள். டீச்சர் மன்னிப்புக் கேட்டதாகச் சொல்லுங்கள். வீட்டுக்கு வந்தான் என்றால் ரொம்பச் சந்தோஷப்படுவேன். வர மனமில்லை என்றாலும் சரிதான், அது அவன் உரிமை.

எல்லோரும் நல்லா இருங்க. வெயிலில் பிள்ளைகளை அலைய விடாதீங்க.

அன்புடன்,
உங்கள் டீச்சர்