தாய்வீடு வந்த மீன்

யான் கடற்கரைச் சிற்றூர் ஒன்றில் தமிழாசிரியனாக இருந்த காலத்தில், ஒரு நாள் மாலை எங்கள் பள்ளி மண்டபத்தில் ஆவணப்படம் ஒன்று காட்டப்பெற்றது. மைக் பாண்டே என்பவர் குஜராத்துக் கடற்கரையில் எடுத்து, 2000ஆம் ஆண்டில் வெளியிட்ட படம் அது. திமிங்கிலச் சுறா வேட்டையே அதன் பொருள்.

மீன்களுள் மிகப் பெரியது அச்சுறா. 12 மீட்டருக்கு மேலும் வளரும். ஆயினும் அது கடல்நீரை வடிகட்டி, அதிலுள்ள நுண்ணுயிர்களையும் சிறு மீன்களையும் உண்டு வாழும் சாதுவான உயிர். அதன் உடலில் கொக்கியைப் பாய்ச்சி, கொக்கியோடு பீப்பாய்களைப் பிணைத்து, அது களைத்து ஓயும்வரை அலையவிட்டுப் பிடித்தனர். அதனால் அம்மீனுக்குப் பீப்பாய் என்னும் பொருளில் ‘பாரல்’ என்றே பெயர் வழங்கிற்று. அதன் ஈரல் எண்ணெய் படகுகளுக்குப் பூசப்பட்டது. இறைச்சி அயல்நாடுகளுக்குச் சென்றது.

படம் முடிந்ததும் யான் எழுந்து, உயிர்க்கொலையின் தீமையை நெடுநேரம் எடுத்துரைத்தேன். அம்மீனவரைக் கல்நெஞ்சர் என்றும் இகழ்ந்தேன். அப்பொழுது கடைசி வரிசையிலிருந்து மீனவர் மகன் ஒருவன் எழுந்தான்.

“ஐயா, அவ்வளவு பெரிய மீன் தானாகவே வலையில் சிக்கினால், வலையை அறுத்துத்தான் அதை விடவேண்டும். அறுத்த வலைக்கு விலை யார் கொடுப்பார்?” என்று கேட்டான்.

யான் விடையின்றி நின்றேன். வலை எனக்கு வெறுஞ்சொல். அவனுக்கோ அது வீட்டின் அடுப்பை எரியச் செய்யும் பொருள்.

அவ்வினா என்னை விடவில்லை. குஜராத்தில் பின்னர் நிகழ்ந்தவற்றைத் தேடிப் படித்தேன். அப்படம் பலர் நெஞ்சைச் சுட்டது. 2001ஆம் ஆண்டில் திமிங்கிலச் சுறா, வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தின் முதல் அட்டவணையில் சேர்க்கப்பெற்றது, வேட்டை தடைசெய்யப்பட்டது. ஆனால் சட்டம் ஒன்றே மனத்தை மாற்றிவிடுமா? 2004ஆம் ஆண்டு முதல் வனவிலங்கு ஆர்வலர்கள் வனத்துறையுடன் கூடி, மீனவரிடையே அன்பு வழியில் எடுத்துரைத்தனர். சமயச் சொற்பொழிவாளர் மொராரி பாபு, அம்மீனைப் பேறுகாலத்திற்குத் தாய்வீடு வரும் மகளுக்கு ஒப்பிட்டார். வீடு தேடி வந்த மகளைத் துன்புறுத்துவார் உண்டோ? அறுபட்ட வலைக்கு வனத்துறை ஈட்டுத்தொகை வழங்கியது. மீனவர் தம் கையாலேயே வலையை அறுத்தனர். நூற்றுக்கணக்கான சுறாக்கள் உயிரோடு கடலுக்குத் திரும்பின.

பிற்காலத்தில் மீனவர்க்கே நீர்புகாத படக்கருவிகள் அளிக்கப்பெற்றன. அதிகாரிகளின் வருகைக்குக் காத்திராமல், மீனை விரைந்து விடுவித்து, அக்காட்சியைத் தாமே படமெடுத்துச் சான்று காட்டினர். முன்னர் அவர்தம் கொடுமையை உலகுக்குக் காட்டியது ஒரு படக்கருவி. பின்னர் அவர்தம் அருளைக் காட்டியதும் படக்கருவியே.

மாணவர்களே! உயிர்களிடத்து அன்பு வேண்டும் என்று பிறர்க்கு உரைத்தல் எளிது. அவ்வன்பினால் நேரும் இழப்பை யார் தாங்குவார் என்று எண்ணிப் பார்த்தலும் அறமேயாகும். இதனை எனக்குக் கற்பித்தவன் கடைசி வரிசையில் இருந்த அம்மாணவன்.