பெயரில்லாத நான்கு வரிகள்

எங்கள் அத்தாவுக்கு எம். கே. தியாகராஜ பாகவதர் என்றால் உயிர். ஆலத்தியூர் வீட்டுத் திண்ணையில் ஒலிநாடா ஓய்ந்ததும், "இந்தக் குரலையும் சிறையில் அடைத்தார்களே!" என்று பெருமூச்செறிவார். அச்சிறைவாசத்துக்குப் பின்னால் ஒரு மஞ்சள் ஏடு இருந்ததை எம்.ஃபில். பயிலுங்காலத்தில்தான் அறிந்தேன்.

'சினிமா தூது' என்னும் இதழில் நடிக நடிகையரின் அந்தரங்கங்களை எழுதி விற்றவர் லட்சுமிகாந்தன். பாகவதரும் கலைவாணர் என். எஸ். கிருஷ்ணனும் ஆளுநரிடம் முறையிட, இதழின் உரிமம் பறிபோயிற்று. அவரோ 'இந்து நேசன்' வழியே அதே தொழிலைத் தொடர்ந்தார். 1944 நவம்பர் 8ஆம் நாள் சென்னை வேப்பேரியில் கத்தியால் குத்தப்பட்டு, மறுநாள் இறந்தார். அப்போது 'ஹரிதாஸ்' அரங்கு நிறைந்து ஓடிக்கொண்டிருந்தது. நாயகருக்கும் கலைவாணருக்கும் 1945இல் ஆயுள் தண்டனை கிடைத்தது. பிரிவி கவுன்சில் வரை சென்று, 1947இல் இருவரும் விடுதலையாயினர். பாகவதரின் பழைய புகழ் மட்டும் திரும்பவேயில்லை.

வகுப்பில் இதனைச் சொல்லும்போதெல்லாம் மாணவர்கள் லட்சுமிகாந்தனை ஏசுவர். என்னால் ஏச இயலுவதில்லை.

இளங்கலை பயின்றபோது விடுதியில் ஒரு கையெழுத்து ஏடு நடத்தினோம். ஆசிரியன் நான். பக்கம் நிரம்பவில்லையென்று, நண்பன் ஒருவனின் தாயார் கணவரைப் பிரிந்து வாழ்வதை நான்கு வரிகளில் குறும்பாக எழுதினேன். பெயரில்லை, ஊர் மட்டும் இருந்தது. அன்றிரவு விடுதியே சிரித்தது. அவ்வாரமே அவன் பெட்டியைத் தூக்கிக்கொண்டு போய்விட்டான். "பெயர் எழுதவில்லையே!" என்று வாதிட்டேன். எத்தகைய வாதம் பாருங்கள்!

'நக்கீரன்' இதழ் தொடுத்த வழக்கில் 1994இல் உச்சநீதிமன்றம் ஒரு கோடு கிழித்தது. அரசு ஊழியரின் பணி குறித்து எழுதத் தடையில்லை. ஆனால் ஒருவரது இல்லறம், தாய்மை, குடும்பம் பற்றி அவர் இசைவின்றி எழுதுவது பிழை என்றது. பொது ஆவணங்களில் உள்ளவை விலக்கு. லஞ்சத்தை எழுதுவது வேறு, அடுப்படியை எழுதுவது வேறு. நான் எழுதியது அடுப்படியை.

அந்நண்பன் இன்று, சிமெண்ட் லாரிகள் நிற்கும் சாலையோரம் தேநீர்க்கடை வைத்திருக்கிறான். ஊருக்குப் போகும்போது நின்று குடிப்பேன். மன்னிப்புக் கேட்க ஒவ்வொரு முறையும் எண்ணுவேன், கூட்டம் இருக்கும். அன்று 'டா' போட்டவன், இப்போது "சர்க்கரை போதுமா சார்?" என்கிறான்.