இரும்புக்கை மாயாவிக்கு உண்மையில கரண்ட் அடிச்சா?

போன வாரம் வேம்பார் போயிருந்தேன். பக்கத்து வீட்டு தம்பி போனை நீட்டினான். "அண்ணே, இது பாத்துருக்கியளா?"

2015ல வந்த பவர்/ரேஞ்சர்ஸ். 14 நிமிஷக் குறும்படம். ஜோசப் கான் இயக்கம், தயாரிப்பு கொல்கத்தாவில் பிறந்த ஆதி சங்கர். சின்ன வயசுல கலர் கலரா குதிச்ச ரேஞ்சர்ஸ் இதுல போரால சிதைஞ்சு, போதை, கொலைன்னு கிடப்பாங்க. உரிமையாளர்கள் புகார் கொடுத்து இணையத்துல இருந்து தூக்க வச்சு, சில நாள்ல திரும்ப வந்த படம்.

தம்பி இப்படித்தான் இரும்புக்கை மாயாவியை எடுக்கப் போறானாம். "கரண்ட் அடிச்சா நெசமாவே என்னண்ணே ஆவும்? டார்க்கா வேணும்."

1972ல சிவகாசியில முத்து காமிக்ஸ் ஆரம்பிச்சதே மாயாவியை வச்சுத்தான். விபத்துல கை போனவர், இரும்புக்கையை மின்சாரத்துல வச்சா உடம்பு மறைஞ்சிடும், கை மட்டும் தெரியும். ஆறு வயசுல நானும் பிளக்ல விரலை விடப் போய் ஆச்சிகிட்ட வாங்கிக் கட்டிக்கிட்டேன் (நல்லவேளை).

இதுல ஒண்ணு, 1962ல பிரிட்டனோட வேலியன்ட் இதழ்ல வந்த மூலக்கதையில அவர் முதல்ல வில்லன்தான்! பிறகுதான் திருந்துறார். இருட்டை நாம புதுசா பூச வேண்டியதே இல்ல.

தம்பிகிட்ட சொன்னேன். ஹை வோல்டேஜ் அடிச்சா வெளியே சின்னக் கருப்புப் புள்ளிதான் தெரியும். உள்ள எலும்பை ஒட்டின தசை வெந்திருக்கும். செத்த தசையோட நிறமி கிட்னியை அடைக்கும், யூரின் கட்டன்சாயா கலர்ல வரும். கை வீங்கி ரத்த ஓட்டம் நின்னா தோலைக் கீறி அழுத்தத்தை விடுவிப்போம். அதுக்கும் அடங்கலைன்னா கையை எடுக்கணும்.

ஹவுஸ் சர்ஜனா இருந்தப்ப ஒரு அண்ணாச்சிக்கு அப்படி எடுத்தோம். மூணாம் நாள் ராத்திரி கூப்பிட்டார். "டாக்டர் தம்பி, உள்ளங்கை எரியுது. விரலை விரிச்சு விடுங்க."

வலது கை முழங்கைக்குக் கீழ இல்ல. இல்லாத கை வலிக்கும், ஃபாண்டம் பெயின்னு புத்தகத்துல படிச்சிருந்தேன். மூளையில அந்தக் கைக்கான இடம் இன்னும் அப்படியே இருக்கும். ஆனா அந்த நேரத்துல என்ன செய்யன்னு தெரியாம, கட்டுக்குக் கீழ காத்துல விரலைப் பிரிக்கிற மாதிரி செஞ்சேன். பாத்துக்கிட்டே இருந்தவர், "இன்னும் கொஞ்சம்"னார்.

தம்பி ரொம்ப நேரம் பேசல. அப்புறம், "அண்ணே, அவரு இப்ப எங்க இருக்காரு?"

தெரியலடா.