ஆடியவளும் பார்த்தவர்களும்

சிலப்பதிகாரம் கற்பிக்கையில், ஆடல்மகள் மாதவியை இளங்கோ இழிவுபடுத்தவில்லை என்று யாழ்ப்பாணத்து மாணவர்க்கு நாம் எடுத்துரைப்பதுண்டு. தமிழ்த் திரைக்கு அந்தப் பண்பு வாய்க்கவில்லை.

1960இல் ஏலூரில் பிறந்த விஜயலட்சுமி, 1980இல் 'வண்டிச்சக்கரம்' படத்தில் சாராயக்கடைப் பெண்ணாக நடித்தார். பாத்திரத்தின் 'சிலுக்கு' என்ற பெயர் அவரோடு ஒட்டிக்கொண்டது. சில்க் ஸ்மிதா ஆனார். 'அலைகள் ஓய்வதில்லை' (1981) அவரது நடிப்பாற்றலைக் காட்டியது. பட முதலாளிகள் கேட்டதோ உடலை. கதாநாயகிக்குக் கற்பு, கவர்ச்சி நடிகைக்கு வசை என்பதே அன்றைய பங்கீடு. பின்னர் கதாநாயகியரே அந்த ஆட்டத்தையும் ஆடினர். வசை மட்டும் அவர்களைச் சேரவில்லை.

1996 செப்டெம்பர் 23இல் ஸ்மிதா சென்னையில் மாண்டார். அவர் வாழ்வைத் தழுவி 2011இல் வந்த இந்திப் படம் வித்யா பாலனுக்குத் தேசிய விருதைத் தந்தது. நடித்துக் காட்டியவருக்குப் புகழ். வாழ்ந்து மாண்டவருக்குப் பழி! காசு கொடுத்துப் பார்த்த கண்களை எவரும் விசாரித்ததில்லை. அவ்விசாரணையை நம் வகுப்பறைகளிலேனும் தொடங்குவோம்.