தானே திறக்கும் கதவு

இரண்டாமாண்டு பி.எஸ்ஸி., இயற்பியல்

எங்கள் குடும்பத்தில் கல்லூரி வாசலை மிதித்த முதல் ஆள் நான். அப்பா அரிசி ஆலையில் மூட்டை சுமக்கிறார். அம்மா களையெடுக்கப் போகிறார். எங்கள் தெருவில் யாருக்குக் கடிதம் வந்தாலும், யாருடைய கைப்பேசி நின்றுபோனாலும், "காலேஜ் படிக்கிற பிள்ளைகிட்ட கேளு" என்பார்கள். அவர்களிடம் தெரியாது என்று சொல்ல நாக்குக் கூசும். அந்தக் கூச்சம் என்னை எங்கே கொண்டுபோய் நிறுத்தியது என்பதைச் சொல்லவே இக்கட்டுரையை எழுதத் துணிந்தேன்.

மாலை ஐந்து மணிக்கு மேல் பேருந்து நிலையத்தருகே ஒரு ஜெராக்ஸ் கடையில் வேலை பார்க்கிறேன். அங்கே ஒரு பழைய கணிப்பொறி உண்டு. பென் டிரைவைச் செருகியதும், என்ன செய்யலாம் என்று கேட்டு ஒரு சிறு சன்னல் தானே திறக்கும். சென்ற கோடை விடுமுறையில் ஒருநாள் அது திறக்கவில்லை. 'டி.எல்.எல்.' என முடியும் பெயருடைய ஒரு கோப்பைக் காணவில்லை என்ற அறிவிப்பே வந்தது.

"தம்பி, இதைச் சரி பண்ணத் தெரியுமா?" என்றார் கடைக்கார அண்ணன்.

"தெரியும்ணே" என்றேன். உண்மையில் தெரியாது.

டி.எல்.எல். என்பது யாது? எங்கள் ஊர்க் கோயிலில் பெரிய அண்டாக்கள் இருக்கின்றன. கல்யாணம், காதுகுத்து எதுவானாலும் அவற்றைத்தான் எடுத்து வருவோம். வீட்டுக்கு வீடு அண்டா வாங்குவதில்லை. கணிப்பொறியிலும் அப்படியே. சன்னல் வரைவது, எழுத்தைக் காட்டுவது போன்ற வேலைகளுக்கான கட்டளைகளை ஒவ்வொரு நிரலும் தனக்கென எழுதி வைத்துக்கொள்வதில்லை. அவை பொதுவான நூலகக் கோப்புகளில் இருக்கும், வேண்டியபோது எடுத்தாளலாம். 1985இல் வந்த முதல் விண்டோஸிலேயே இந்த ஏற்பாடு இருந்தது. வட்டில் இடம் மிச்சம், நினைவகமும் மிச்சம். ஆனால் பொது அண்டாவில் ஓட்டை விழுந்தால் ஊர்க் கல்யாணம் அத்தனையும் கெடும் அல்லவா? ஒரு நிரல் தன் வசதிக்காகப் பொதுக் கோப்பை மாற்றிவைக்க, வேறு நிரல்கள் படுத்துவிடும் தொல்லையைப் பொறியாளர்கள் 'டி.எல்.எல். நரகம்' என்றே அழைத்தனர்.

தானே திறக்கும் அந்தச் சன்னலுக்கும் ஒரு வரலாறு உண்டு. 1995இல் விண்டோஸ் 95 வந்தபோது, குறுந்தகட்டைப் போட்டவுடன் அதிலுள்ள நிரல் தானே ஓடும் வசதியும் வந்தது. தகட்டில் 'ஆட்டோரன்' என்ற சிறிய உரைக்கோப்பு ஒன்றிருக்கும். எந்த நிரலை ஓட்டவேண்டும் என்று அதில் ஒரு வரி சொல்லும். 2001இல் வந்த எக்ஸ்.பி.யில், பாட்டா, படமா என்று பார்த்து நம்மைக் கேட்கும் 'ஆட்டோபிளே' சன்னல் இடம்பெற்றது. புதிய சாதனம் வந்துவிட்டது என்று அதற்குச் செய்தி சொல்லும் சேவையும் ஒரு டி.எல்.எல். கோப்பில்தான் குடியிருக்கிறது.

குறுந்தகடு தொழிற்சாலையில் அச்சாகி வருவது. அதை நம்பலாம் என்று எண்ணினார்கள். அந்த நம்பிக்கையும் 2005இல் ஆட்டம் கண்டது. சோனி பி.எம்.ஜி. நிறுவனத்தின் பாட்டுத் தகடுகள் சில, நகலெடுப்பதைத் தடுப்பதற்காக ஒரு மறைவு மென்பொருளைக் கணிப்பொறியில் புகுத்தியதை மார்க் ருசினோவிச் என்ற வல்லுநர் அம்பலப்படுத்தினார். பென் டிரைவிலோ யாரும் எதையும் எழுதலாம். 2008 நவம்பரில் தலைகாட்டிய 'கான்ஃபிக்கர்' புழுவின் அடுத்த வடிவம் பென் டிரைவிலும் ஏறிப் பரவியது. அந்தப் புழுவே ஒரு டி.எல்.எல். கோப்புத்தான்! ஆட்டோபிளே சன்னலில் 'கோப்புறையைத் திற' என்ற பொய்ப் படத்துடன் அது காத்திருந்தது. பிறகு விண்டோஸ் 7இல் பென் டிரைவிலிருந்து நிரல் தானே ஓடுவது நிறுத்தப்பட்டது. பழைய பதிப்புகளுக்கும் 2011 பிப்ரவரியில் அதற்கான திருத்தம் அனுப்பப்பட்டது. கதவு தானே திறப்பது நின்றது. நாமே திறந்துவிட்டால் யார் என்ன செய்ய முடியும்?

நான் அதைத்தான் செய்தேன். காணாமற்போன கோப்பின் பெயரை இணையத்தில் தேடினேன். 'இலவசம்' என்று கூவிய ஏதோ ஒரு தளத்திலிருந்து இறக்கினேன். கூடவே வந்த நிரலையும் ஓட்டினேன். சன்னல் மறுபடி திறந்தது. "பரவாயில்லையே தம்பி" என்று அண்ணன் தேநீர் வாங்கித் தந்தார். அன்று அந்தத் தேநீர் மிகவும் இனித்தது.

மறுநாள் இரவு எங்கள் ஊர்த் தங்கை ஒருத்தி கடைக்கு ஓடிவந்தாள். அவளும் அவள் வீட்டில் முதல் பட்டதாரி ஆகப்போகிறவள். "அண்ணா, பென் டிரைவுல மார்க்ஷீட்டு, சாதிச் சான்றிதழ் எல்லாம் போச்சு. நாளைக்கு அப்ளிகேஷனுக்குக் கடைசி நாள்" என்றாள். செருகிப் பார்த்தேன். கோப்புறை ஒவ்வொன்றும் 'ஷார்ட்கட்'டாக மாறியிருந்தது. நான் இறக்கியதில் புழு இருந்திருக்கிறது. அன்று கடைக்கு வந்த பென் டிரைவுகள் எல்லாவற்றிலும் அது ஏறியிருக்க வேண்டும்.

என் நெஞ்சு அடித்துக்கொண்டது. 'வேறெங்கோ வைரஸ் ஏறியிருக்கும்' என்று சொல்லிவிடலாம், யாருக்கும் தெரியப்போவதில்லை. அப்படிச் சொல்ல வாயும் திறந்தேன். ஆனால் அவள் என்னை நம்பி நின்ற நிலை, தெருவில் என்னிடம் கடிதம் நீட்டுகிறவர்களின் முகமாகவே தெரிந்தது. "தப்பு என்னுடையது" என்றேன்.

கணிப்பொறியியல் பேராசிரியர் ஒருவரைத் தொலைபேசியில் அழைத்தேன். அவர் கடிந்துகொள்ளவில்லை. "கோப்பு எங்கும் போகாது. புழு அதை மறைத்துவைத்து, மேலே பொய்க்கதவு மாட்டும். வேறு நல்ல கணிப்பொறியில், எந்த ஷார்ட்கட்டையும் தொடாமல், 'அட்ரிப்' கட்டளையால் மறைப்பை நீக்கு" என்றார். பக்கத்துக் கடையில் அவ்வாறே செய்தோம். இரவு பத்தரை மணிக்கு மதிப்பெண் சான்றிதழ் திரையில் வந்தது. அந்தத் தங்கை அழுதாள். எனக்கும் கண் கலங்கியது.

அண்ணனிடம் எல்லாவற்றையும் சொன்னேன். விண்டோஸை முழுதாக அழித்துப் புதிதாக நிறுவவேண்டியதாயிற்று. இரண்டு நாள் வெறும் ஜெராக்ஸ் மட்டும் ஓடியது. முந்தின நாள் வந்தவர்களில் எங்களுக்குத் தெரிந்தவர்களை எல்லாம் தேடிச் சொன்னோம். அண்ணன் திட்டவில்லை. "தெரியலைன்னு சொல்லியிருந்தா அன்னைக்கே ஆளக் கூப்பிட்டிருப்பேனே தம்பி" என்றார். அந்தச் சொல் திட்டைவிடச் சுட்டது.

பின்னர்தான் அறிந்தேன்: சிதைந்த அமைப்புக் கோப்புகளை விண்டோஸே தன் சேமிப்பிலிருந்து எடுத்துச் சரிசெய்ய 'எஸ்.எஃப்.சி. ஸ்கேன்நவ்' என்று ஒரு கட்டளை இருக்கிறது. முதலில் செய்திருக்க வேண்டியது அதுதான். ஊர் அண்டா காணவில்லையென்றால் கோயிலில் கேட்கவேண்டும். வழியில் போகிறவன் நீட்டும் அண்டாவில் சோறு வடிக்கலாமா?

நண்பர்களே, முதல் தலைமுறையாகப் படிக்க வந்த நம்மிடம் ஊர் பலவற்றைக் கேட்கும். எல்லாம் தெரிந்தவர்போல் நடிப்பதும் தானே திறக்கும் கதவு போன்றதுதான். யார் தட்டினாலும் திறந்துவிடும். எது உள்ளே வரும் என்று தெரியாது. சென்ற வாரம் பக்கத்து வீட்டுத் தாத்தா ஓய்வூதியத் தாள் ஒன்றை நீட்டினார். "எனக்கு இது தெரியாது தாத்தா, நாளைக்குக் கேட்டுட்டு வந்து சொல்றேன்" என்றேன். அவர் ஒன்றும் குறைவாக நினைக்கவில்லை. தாளை என்னிடமே கொடுத்துவிட்டுப் போனார்.